தடையற்ற சந்தை: யாருக்கு, எதிலிருந்து சுதந்திரம்?

"தடையற்ற சந்தை" என்ற சொல் நம்மிடையே பெரும்பாலும் இரண்டு விதமாகப் புழங்குகிறது. ஒரு சாரார் அதைப் பெருமுதலாளிகளுக்கு நாட்டைத் தூக்கிக் கொடுப்பதன் மறுபெயராகச் சொல்கிறார்கள். மற்றொரு சாரார், அரசு எல்லாவற்றிலிருந்தும் கையை எடுத்துவிட்டால் நாடு தானாகச் செழித்துவிடும் என்று மந்திரம்போல் சொல்கிறார்கள். எதிரெதிர் அணிகளாகத் தோன்றினாலும் இருவர் மனத்திலும் இருப்பது ஒரே பொருள்தான்: அரசு ஒதுங்கிக்கொண்ட இடமே தடையற்ற சந்தை. அந்தப் புரிதல் தவறானது. பொருளாதாரச் சுதந்திரத் தரவரிசை ஆண்டுதோறும் வெளியாகும்போது, எந்த நாடு எத்தனையாவது இடம் என்ற செய்தி மட்டும் பரவி, எதை அளந்து அந்த இடத்தைக் கொடுத்தார்கள் என்ற கேள்வி எழாமலே போவதற்கும் இதுவே காரணம். பொருளியல் படிக்காதவரும் தொடர்ந்து வரும்படி, தெரிந்த ஒரு சந்தையிலிருந்து தொடங்கலாம்.

மல்லிகை விலை சொல்லும் செய்தி

மதுரை மாட்டுத்தாவணிப் பூச்சந்தையில் மல்லிகையின் விலை, கிலோவுக்குச் சில நூறு ரூபாயிலிருந்து சில ஆயிரம் ரூபாய்க்குச் சில நாள்களிலேயே தாவுவது பழகிய காட்சி. மார்கழிப் பனியில் செடி மொட்டு வைப்பது குறைகிறது, வரத்து சுருங்குகிறது. தை பிறந்தவுடன் முகூர்த்த நாள்கள் அடுத்தடுத்து வருகின்றன, தேவை கூடுகிறது. நான்கு முழம் வாங்க வந்தவர் விலையைக் கேட்டு ஒரு முழத்தோடு நிறுத்திக்கொள்கிறார். பறிகூலிக்குக்கூடக் கட்டாது என்று விட்டிருந்த செடிகளிலும் விவசாயி விடியும் முன்பே ஆள் வைத்துப் பறிக்கிறார். வெயில் காலத்தில் பூ குவிந்து விலை விழும்போது, மாலைக்கும் சரத்துக்கும் போக மிஞ்சியது செண்ட் தயாரிக்கும் ஆலைக்குப் போகிறது.

இத்தனை பேரும் இப்படி நடந்துகொள்ள யாரும் ஆணையிடவில்லை. பூ வாங்குபவருக்கு எந்த ஊரில் எவ்வளவு பனி விழுந்தது என்று தெரியாது. தெரிய வேண்டியதும் இல்லை. அந்தச் செய்தி விலைக்குள் அடங்கி அவரிடம் வந்து சேர்ந்துவிடுகிறது. எங்கே பற்றாக்குறை, எங்கே மிகுதி என்பதை முகமறியாத மனிதர்களுக்கு எடுத்துச் சொல்லும் இந்தத் தன்மையைத்தான் விலைச் சமிக்ஞை என்கிறார்கள்.

இதே சந்தையை இன்னும் சற்று நெருங்கிப் பார்க்க வேண்டும். பூவை நிறுக்கும் தராசில் எடையளவுத் துறையின் முத்திரை இருக்கிறது. பூவைக் கமிஷன் கடையில் இறக்கிவிட்டு ஒரு துண்டுச் சிட்டையோடு ஊருக்குத் திரும்பும் விவசாயி, அதில் எழுதிய தொகை தன் கைக்கு வரும் என்று நம்புகிறார். வரும்போது அந்த ரூபாய்க்கு ஏறத்தாழ இதே மதிப்பு இருக்கும் என்றும் நம்புகிறார். கடையை அடியாள் வைத்து யாரும் பிடுங்கிக்கொள்ள முடியாது என்று கடைக்காரர் நம்புகிறார். வியாபாரிகளுக்கு இடையேயான நாணயம் இவற்றில் பாதியைக் காப்பாற்றும். மீதிப் பாதியைத் தாங்கி நிற்பது சட்டம். தராசு பொய்யானால் விலையும் பொய்யாகிவிடும்.

ஆகவே இரண்டு சொற்களை இப்போது வரையறுத்துக்கொள்ளலாம். தன் உழைப்பையும் உடைமையையும் தான் விரும்பியபடி பயன்படுத்தவும், விரும்பி முன்வரும் இன்னொருவரோடு கொடுக்கல் வாங்கல் செய்யவும், வற்புறுத்தலும் மோசடியும் இல்லாத வரையில் ஒருவருக்கு உள்ள உரிமையே பொருளாதாரச் சுதந்திரம். அத்தகைய உரிமை உடையவர்கள் தமக்குள் பேசி விலையைத் தீர்மானிக்கும், புதியவர் எவரும் வந்து கடை போட முடிகிற ஏற்பாடே தடையற்ற சந்தை. இரண்டிலும் "விதிகள் இல்லாமை" என்ற பொருள் கிடையாது.

விலையை ஆணையால் நிறுத்தும்போது

விலைச் சமிக்ஞையை நிறுத்தினால் என்ன நடக்கும் என்பதற்கு 1948-இன் மேற்கு ஜெர்மனியைவிடத் தெளிவான பாடம் கிடைப்பது அரிது. நாஜி ஆட்சி 1936-இல் கொண்டுவந்த விலை முடக்கத்தைப் போருக்குப் பின் நேச நாடுகளின் நிர்வாகமும் தொடர்ந்தது. பட்டியலில் விலை மலிவாக இருந்தது; கடையில் பொருள் இல்லை. சிகரெட்டே நாணயமாகப் புழங்கியது. நகரவாசிகள் வீட்டுச் சாமான்களை மூட்டை கட்டிக்கொண்டு ரயிலேறிக் கிராமங்களுக்குப் போய் உருளைக்கிழங்குக்கு மாற்றிக்கொண்டு வந்தார்கள். 1948 ஜூன் 20, ஞாயிற்றுக்கிழமை, பழைய ரைஷ்மார்க்குக்குப் பதிலாக டாய்ச்மார்க் அறிமுகமானது. தலைக்கு முதல் தவணையாக 40 மார்க் கொடுத்தார்கள். பொருளாதார நிர்வாகத்தின் பொறுப்பில் இருந்த லுட்விக் எர்ஹார்ட் அதனுடன் சேர்த்துப் பல பொருள்களின் விலைக் கட்டுப்பாட்டையும் நீக்கினார். திங்கட்கிழமை காலையில் கடைகளின் கண்ணாடி அலமாரிகள் நிறைந்திருந்தன.

அந்தப் பாத்திரங்களும் காலணிகளும் ஒரே இரவில் செய்யப்பட்டவை அல்ல. மதிப்பற்ற காகிதத்துக்குப் பொருளைக் கொடுக்க விரும்பாமல் கிடங்குகளில் ஒளித்து வைத்திருந்தவை அவை. ஆனால் கதை அந்தத் திங்கட்கிழமையோடு முடியவில்லை. விலைகள் ஏறின, கூலி ஏறவில்லை. அதே ஆண்டு நவம்பர் 12-ஆம் தேதி லட்சக்கணக்கான தொழிலாளர்கள் ஒருநாள் பொது வேலைநிறுத்தம் செய்தார்கள். வீட்டு வாடகையும் முக்கிய உணவுப் பொருள்கள் சிலவும் கட்டுப்பாட்டிலேயே தொடர்ந்தன. எர்ஹார்டின் சீர்திருத்தத்தைப் புகழ்பவர்கள் இந்தப் பகுதியை விட்டுவிடுகிறார்கள். அதை விட்டுவிட்டால் சீர்திருத்தத்தின் விலையை யார் கொடுத்தார்கள் என்பது தெரியாமல் போய்விடும்.

நமக்கு அருகில் நடந்தது மஞ்சள் கதை. அந்நியச் செலாவணியைச் சேமிக்கவும் உள்நாட்டு உழவர்களை ஊக்குவிக்கவும் இலங்கை அரசு மஞ்சள் இறக்குமதியைத் தடுத்தது. மஞ்சள் நட்டு அறுக்க எட்டு ஒன்பது மாதங்கள் ஆகும். விலை எவ்வளவுதான் உரக்கக் கூவினாலும் கிழங்கு அதற்கு முன் முற்றாது. 2020-இல் அங்கு மஞ்சளின் விலை பல மடங்கு ஏறியது; தூளில் கலப்படம் பெருகியது. இக்கரையில், ராமநாதபுரம் மாவட்டக் கடற்கரைகளில், மஞ்சள் மூட்டைகளை ஏற்றிய படகுகள் பிடிபடுவது வாடிக்கைச் செய்தியாயிற்று. எந்தச் சமையலறையிலும் டப்பாவில் இருக்கும் மஞ்சள், கடல் நடுவே கடத்தல் பொருளாகிவிட்டது. விலைச் சமிக்ஞை அப்போதும் வேலை செய்துகொண்டுதான் இருந்தது. சட்டபூர்வமான வழி அடைபட்டதால் அது கடத்தல்காரரின் காதில் மட்டும் விழுந்தது.

இதுவரை பார்த்ததன் சாரம் இது. விலையை ஆணையால் நிறுத்தினால் பற்றாக்குறை தீர்வதில்லை. வரிசையாகவும் பதுக்கலாகவும் கடத்தலாகவும் வேறு வடிவம் எடுக்கிறது. கட்டுப்பாட்டை நீக்கினால் பொருள் வெளியே வருகிறது, ஆனால் எல்லார் கைக்கும் ஒரே நேரத்தில் எட்டுவதில்லை.

வாசலில் நிற்கும் புதியவர்

பொருளாதாரச் சுதந்திரத்தின் உயிர்நாடி எது என்று என்னைக் கேட்டால், ஒரு துறைக்குள் புதியவர் ஒருவர் நுழைய முடிகிறதா என்பதைத்தான் சொல்வேன். பெரு நாட்டின் லிமா நகரில் 1980-களின் தொடக்கத்தில் ஒரு சோதனை நடந்தது. ஹெர்னாண்டோ டி சோட்டோ என்ற பொருளியலாளரின் ஆய்வுக் குழுவினர், சிறிய தையலகம் ஒன்றைச் சட்டப்படி பதிவு செய்து நடத்த என்னென்ன தேவை என்று தாமே விண்ணப்பித்துப் பார்த்தார்கள். படிவம் வாங்கி, வரிசையில் நின்று, அலுவலகம் அலுவலகமாக அலைந்தார்கள். பத்து முறை லஞ்சம் கேட்கப்பட்டது. அவற்றில் இரண்டு முறை கொடுக்காமல் மேலே நகரவே முடியவில்லை. எல்லா முத்திரைகளும் விழுந்து முடிந்தபோது 289 நாள்கள் கடந்திருந்தன. ஆன செலவு, அங்கிருந்த குறைந்தபட்ச மாதச் சம்பளத்தைப்போல் 31 மடங்கு.

ஒரு தையல்காரப் பெண்ணின் இடத்திலிருந்து இதைப் பார்க்க வேண்டும். 289 நாள்கள் அவளால் காத்திருக்க முடியாது. பதிவு செய்யாமலே வீட்டுத் திண்ணையில் தைப்பாள். பதிவு இல்லாததால் வங்கிக் கடன் கிடைக்காது. பணம் தராமல் ஏமாற்றுபவர்மீது வழக்குப் போட முடியாது. அதிகாரி எப்போது வந்தாலும் கையில் எதையாவது வைத்தாக வேண்டும். பெரிய ஆலைக்கு இந்தப் படிவங்களெல்லாம் பொருட்டே இல்லை; அதற்கென்று வழக்குரைஞரும் கணக்கரும் இருக்கிறார்கள். இப்படித்தான் தேவையற்ற கட்டுப்பாடு எளியவரை வெளியே நிறுத்தி, ஏற்கெனவே உள்ளே இருப்பவருக்கு மதில் கட்டிக் கொடுக்கிறது.

இந்தியாவில் இந்த மதிலுக்கு 1951-ஆம் ஆண்டின் தொழில்கள் வளர்ச்சி மற்றும் ஒழுங்குமுறைச் சட்டம் அடித்தளமிட்டது. பட்டியலில் உள்ள தொழிலைத் தொடங்கவும், பெரிய அளவில் விரிவாக்கவும், புதிய பொருளைச் செய்யவும் மத்திய அரசின் உரிமம் வேண்டும். உரிமத்தில் குறித்த அளவைத் தாண்டி உற்பத்தி செய்வதே குற்றமாகக் கருதப்பட்டது. ஸ்கூட்டருக்குப் பணம் கட்டிவிட்டுப் பல ஆண்டுகள் காத்திருந்த தலைமுறை இன்னும் நம் வீடுகளில் இருக்கிறது. ஓட்டிப் பழகிய வண்டி புதிய வண்டியின் விலைக்கும் மேல் விற்ற காலம் அது. 1959-இல் சுதந்திராக் கட்சியைத் தொடங்கிய ராஜாஜி இதைத்தான் "லைசென்ஸ் பெர்மிட் ராஜ்யம்" என்று சாடினார். 1991 ஜூலை 24 அன்று வெளியான புதிய தொழிற்கொள்கை, 18 தொழில்களைத் தவிர மற்றவற்றுக்கு இந்த உரிமத்தை நீக்கியது.

அடுத்து நடந்ததை நம் விவாதங்களில் யாரும் நினைவுகூர்வதில்லை. 1993-இல் நாட்டின் முன்னணித் தொழிலதிபர்கள் சிலர் பம்பாயில் கூடி, வெளிநாட்டு நிறுவனங்களுடன் போட்டியிடும் முன் தங்களுக்குச் சமமான ஆடுகளம் வேண்டும் என்று அரசைக் கேட்டார்கள்; பத்திரிகைகள் அவர்களுக்குப் "பம்பாய் கிளப்" என்று பெயர் வைத்தன. தடையற்ற சந்தை முதலாளிகளின் சொர்க்கம் என்றால் அவர்கள் ஏன் பாதுகாப்புக் கேட்க வேண்டும்? சந்தையை ஆதரிப்பது வேறு, வணிக நிறுவனங்களை ஆதரிப்பது வேறு. ஒரு நிறுவனத்துக்கு மட்டும் வரிச்சலுகை, ஒருவருக்கு மட்டும் சுரங்க ஒதுக்கீடு, ஒரு குழுமத்துக்கு மட்டும் துறைமுகம் என்று அரசு வாரிக் கொடுத்தால், அதைத் தடையற்ற சந்தை என்று அழைப்பது சொல்லுக்கே செய்யும் அநீதி. அதற்குச் சலுகைசார் முதலாளித்துவம் என்று தனிப்பெயர் இருக்கிறது.

அரசு விலகினால் போதுமா?

போதாது என்பதற்கு ரஷ்யா சான்று. 1992 ஜனவரி 2 அன்று பெரும்பாலான பொருள்களின் விலைக் கட்டுப்பாடு நீக்கப்பட்டது. அந்த ஓராண்டில் விலைவாசி ஏறத்தாழ 26 மடங்கானது. வாழ்நாள் முழுவதும் சேமித்த பணம் முதியவர்களின் வங்கிப் புத்தகத்திலேயே கரைந்துபோனது. அரசு ஆலைகளின் பங்குகளைப் பெறும்படி குடிமக்களுக்குத் தலைக்கு ஒரு வவுச்சர் கொடுத்தார்கள். அதன் பொருள் புரியாமலும் வயிற்றுப் பாட்டுக்காகவும் பலர் அதை வந்த விலைக்கு விற்றார்கள். 1995-இல் அரசுக்குக் கடன் கொடுத்த சில வங்கிகளின் கைக்கு, அந்தக் கடனுக்கு ஈடாக, நிக்கல் சுரங்கமும் எண்ணெய் நிறுவனங்களும் போய்ச் சேர்ந்தன. விலை விடுதலை பெற்றது. நீதிமன்றமும் பணமும் போட்டிச் சட்டமும் அதனுடன் வரவில்லை.

சீனாவின் அன்ஹுய் மாகாணத்து ஷியாவ்காங் கிராமத்தில் 1978-இன் இறுதியில் நடந்தது இதற்கு நேர்மாறு. பதினெட்டு விவசாயிகள் ஒரு மண் வீட்டில் இரவில் இரகசியமாகக் கூடி ஒரு தாளில் கைநாட்டு வைத்தார்கள். கூட்டுப் பண்ணை நிலத்தைக் குடும்பவாரியாகப் பிரித்துப் பயிரிடுவது, அரசுக்குரிய பங்கைக் கொடுத்தபின் மிஞ்சுவதை அந்தந்தக் குடும்பமே வைத்துக்கொள்வது, இதனால் யாராவது சிறைக்குப் போனால் அவர் பிள்ளைகளை 18 வயது வரை மற்றவர்கள் வளர்ப்பது என்பவை உடன்படிக்கையின் சாரம். அதே மண், அதே விதை, அதே மழை; விளைச்சல் மட்டும் பன்மடங்கானது. நிலம் அவர்களுக்குச் சொந்தமாகிவிடவில்லை என்பதையும் கவனிக்க வேண்டும். விளைந்ததில் ஒரு பகுதி தமக்கே என்ற உறுதி மட்டும்தான் கிடைத்தது. உடைமை உரிமை என்பது இருக்கிறது, இல்லை என்ற இரண்டே நிலை கொண்டதன்று. அதற்குப் பல படிகள் உண்டு.

சுருக்கமாக, சந்தை நடக்க அரசு செய்தே ஆகவேண்டியவை சில இருக்கின்றன: உடைமையைக் காப்பது, ஒப்பந்தத்தை நிறைவேற்றித் தருவது, பணத்தின் மதிப்பைக் குலைக்காமல் இருப்பது, பெரியவர்கள் கூட்டுச் சேர்ந்து சிறியவரை விரட்டாமல் தடுப்பது.

விலைக்குள் ஏறாத செலவு

இன்னொரு வேலையும் அரசுக்கு உண்டு. திருப்பூரின் பின்னலாடை உலகச் சந்தையில் வென்றது. உலக வணிகம் ஒரு சிற்றூரை எப்படி உயர்த்தும் என்பதற்கு அது நம் கண்முன் உள்ள சாட்சி. ஆனால் சாயப்பட்டறைக் கழிவு நொய்யலில் கலந்தது. பாசனத்துக்காகக் கட்டிய ஒரத்துப்பாளையம் அணை சாயநீர்த் தொட்டியானது. கீழ்ப்பகுதி விவசாயிகளின் கிணறும் நிலமும் கெட்டன. ஒரு பனியனின் விலையில் நூலும் கூலியும் சாயமும் இருந்தன. செத்த கிணற்றின் விலை இல்லை. கொடுக்கல் வாங்கலில் பங்கே இல்லாத மூன்றாமவர் தலையில் விழும் இத்தகைய செலவுக்குப் புறவிளைவு என்று பெயர். சென்னை உயர் நீதிமன்றம் 2011 ஜனவரியில் சாயப்பட்டறைகளை மூட உத்தரவிட்ட பிறகுதான், கழிவுநீரை முழுவதும் சுத்திகரித்து மறுபடி பயன்படுத்தும் செலவு உற்பத்திச் செலவுக்குள் ஏறியது. விலை அறியாத செய்தியை நீதிமன்றம் விலைக்குச் சொல்லிக் கொடுத்தது என்றே நான் இதைப் பார்க்கிறேன்.

தரவரிசையை எப்படிப் படிப்பது?

உலக நாடுகளின் பொருளாதாரச் சுதந்திரத்தை எண்ணால் அளக்கும் இரண்டு பட்டியல்கள் புகழ்பெற்றவை. அமெரிக்காவின் ஹெரிடேஜ் அறக்கட்டளை 1995 முதல் 100-க்கு இத்தனை என்று மதிப்பெண் தருகிறது. கனடாவின் ஃப்ரேசர் நிறுவனம் 1996 முதல் 10-க்கு இத்தனை என்று தருகிறது. இரண்டும் சந்தைச் சார்பான கொள்கைகளை வெளிப்படையாக வலியுறுத்தும் அமைப்புகள் என்பதை நினைவில் கொண்டே படிக்க வேண்டும். அரசு செலவிடுவது கூடக் கூட அவற்றில் மதிப்பெண் குறையும்.

ஃப்ரேசர் அளப்பது ஐந்து பகுதிகளை: அரசின் அளவு, சட்டமும் உடைமை உரிமையும், நம்பத்தக்க பணம், வெளிநாட்டு வணிகம், ஒழுங்குமுறைகள். நம்பத்தக்க பணம் என்பது விலைவாசியால் மதிப்பிழந்து போகாத நாணயம். 2009 ஜனவரியில் ஜிம்பாப்வே 100 ட்ரில்லியன் டாலர் நோட்டு, அதாவது ஒன்றுக்குப் பின் 14 சுழியங்கள் கொண்ட தாளை, அச்சிட்டதை நினைத்தால் இந்தப் பகுதி ஏன் இருக்கிறது என்பது விளங்கும். இந்த ஐந்தின் சராசரிதான் இறுதி எண். சராசரி எடுத்தவுடன் ஒவ்வொரு நாட்டின் முகமும் மறைந்துபோகிறது என்பதே இத்தகைய பட்டியலில் உள்ள பெரிய சிக்கல்.

சிங்கப்பூரை எடுத்துக்கொள்வோம். ஹெரிடேஜ் பட்டியலில் 2020-இல் அது முதலிடத்துக்கு வந்தது. சுங்கவரி அநேகமாக இல்லை, வரி விகிதம் குறைவு, நீதிமன்றம் நம்பகமானது, நிறுவனம் தொடங்குவது எளிது. அதே சிங்கப்பூரில் நிலத்தின் பெரும்பகுதி, ஏறத்தாழ பத்தில் ஒன்பது பங்கு, அரசுடையது. குடியிருப்போரில் ஐவரில் நால்வர் அளவுக்கு அரசின் வீடமைப்பு வளர்ச்சிக் கழகம் (சுருக்கமாக வீவக) கட்டிய வீடுகளில், 99 ஆண்டு குத்தகையில் வாழ்கிறார்கள். 55 வயது வரையுள்ள ஊழியரின் சம்பளத்தில் அவர் பங்காக 20 விழுக்காடும் முதலாளி பங்காக 17 விழுக்காடும் மத்திய சேம நிதிக்குக் கட்டாயமாகப் போகின்றன. 1974-இல் தொடங்கிய அரசு முதலீட்டு நிறுவனமான டெமாசெக் பெரிய நிறுவனங்கள் பலவற்றில் பங்கு வைத்திருக்கிறது. "சிங்கப்பூரைப்போல் அரசு விலகி நிற்க வேண்டும்" என்று மேடையில் பேசுபவர்கள் ஒரு வீவக வீட்டின் குத்தகைப் பத்திரத்தை ஒருமுறையாவது படித்துப் பார்க்க வேண்டும்.

டென்மார்க் வேறு திசையில் வியப்பூட்டும். மொத்த உள்நாட்டு உற்பத்தியில் பாதியளவுக்கு அரசே செலவிடும் நாடு அது. அரசின் அளவு என்ற பகுதியில் அதற்கு மதிப்பெண் குறைவு. ஆயினும் சட்டம், பணம், வணிகம் ஆகிய பகுதிகளில் மிக உயர்ந்து நிற்பதால் மொத்தத்தில் முன்வரிசையில் இடம்பெறுகிறது. அங்கே சட்டம் நிர்ணயித்த குறைந்தபட்ச ஊதியம் என்று ஒன்று கிடையாது. தொழிற்சங்கங்களும் முதலாளிகளும் பேசிக் கூலியை முடிவு செய்கிறார்கள்.

ஹாங்காங்கின் நிலை இன்னும் விசித்திரமானது. 1995 முதல் 2019 வரை ஹெரிடேஜ் பட்டியலில் தொடர்ந்து முதலிடம் வகித்த அந்த நகரம், 2021-இல் பட்டியலிலிருந்தே எடுக்கப்பட்டது. அதன் கொள்கைகள் இறுதியில் பெய்ஜிங்கில் தீர்மானிக்கப்படுகின்றன என்பது ஹெரிடேஜ் சொன்ன காரணம். ஃப்ரேசரோ அதைத் தனியாகவே கணக்கிட்டு, சிங்கப்பூருடன் சேர்த்து முதலிரு இடங்களில் வைத்திருக்கிறது; சட்டத்தின் ஆட்சி அங்கே தேய்ந்துவருவது பற்றிய எச்சரிக்கையையும் கூடவே எழுதுகிறது. அந்த எச்சரிக்கையைத் தேடுபவர் மொத்த எண்ணைத் தாண்டி, சட்டமும் உடைமை உரிமையும் என்ற பகுதிக்குப் போய், அந்த ஒரு வரிசையின் மதிப்பெண்ணை ஆண்டுவாரியாகப் பார்க்க வேண்டும்.